"நமக்கு" என்பதும் "எங்களுக்கு" என்பதும்: நெடும்போரில் பின்களம் எப்படித் தாக்குப்பிடிக்கிறது?

உப்பிட்ட பன்றி இறைச்சி 113 கிராம். வெண்ணெய் 57 கிராம். மார்கரின் 113 கிராம். சீஸ் 57 கிராம். சர்க்கரை 227 கிராம். தேயிலை 57 கிராம். முட்டை ஒன்று, அதுவும் கடைக்கு வந்தால்.

இரண்டாம் உலகப் போரின் நடுவில் பிரிட்டனில் வயதுவந்த ஒருவருக்கு ஒரு வாரத்துக்குக் கிடைத்த பங்கு ஏறத்தாழ இதுதான். 57 கிராம் வெண்ணெய் என்பது ஏறத்தாழ இரண்டு தீப்பெட்டி அளவுக் கட்டி, ஏழு நாளைக்கு. 1940 ஜனவரி 8-ஆம் தேதி தொடங்கிய ரேஷன், போர் முடிந்து ஒன்பது ஆண்டு கழித்து 1954 ஜூலை 4-இல்தான் முற்றிலும் ஓய்ந்தது. இடையில் நகரங்கள் எரிந்தன, வருமான வரி பவுண்டுக்குப் பத்து ஷில்லிங், அதாவது சரிபாதி வரை ஏறியது. ஆனாலும் சோற்றுக்காகக் கலகம் என்று ஒன்று அங்கே வெடிக்கவில்லை.

அதற்கு 25 ஆண்டு முன்னால், முதல் உலகப் போரில், ஜெர்மனியும் கடல் முற்றுகையில் சிக்கியது. அங்கே 1915 அக்டோபரிலேயே பெர்லின் கடைத்தெருக்களில் வெண்ணெய்க்காகக் கலவரம். 1918 நவம்பரில் மன்னராட்சியே கவிழ்ந்தது. களத்தில் தோற்றதுதான் முதல் காரணம், மறுக்கவில்லை. ஆனால் களம் சரிவதற்கு வெகுமுன்பே ஊர் சரிந்துவிட்டது. ஜெர்மானியர்களுக்கு நாட்டுப்பற்று குறைவு என்று யாரும் சொல்லிவிட முடியாது. வேறு எதில் தவறியது?

பின்களம் என்றால் என்ன?

போர்முனையில் ஒரு சிப்பாய் நிற்க வேண்டுமானால், அவனுக்குப் பின்னால் குண்டு வார்ப்பவர், கரி வெட்டுபவர், ரயில் ஓட்டுபவர், உழுபவர், வரி கட்டுபவர், பிள்ளையை அனுப்பிவிட்டுக் காத்திருப்பவர் என்று ஓர் ஊரே நிற்க வேண்டும். அதுதான் பின்களம். ஆறு வாரச் சண்டைக்கு இது பெரிதாகத் தேவைப்படாது. கையிருப்பும் முதல் உற்சாகமும் போதும். போர் இரண்டாம் குளிர்காலத்தைத் தாண்டும்போதுதான் பின்களம் என்ற சங்கதியே கண்ணுக்குத் தெரியத் தொடங்கும்.

மக்கள் ஆதரவு என்றால் கொடி பிடித்து ஆர்ப்பரிப்பது என்று நினைத்துக்கொள்வது புதிதாகப் படிப்பவர்கள் செய்யும் முதல் தவறு. பிரிட்டனின் தகவல் அமைச்சகமே அந்தத் தவறைச் செய்தது. 1939-இல் அது ஊரெங்கும் ஒட்டிய முதல் சுவரொட்டியின் சாரம்: உங்கள் துணிவு, உங்கள் மலர்ச்சி, உங்கள் உறுதி நமக்கு வெற்றி தேடித்தரும். தமிழில் இதை எழுதும்போதே கை தயங்கும். ஆங்கிலத்தில் "நமக்கு", "எங்களுக்கு" இரண்டுக்கும் ஒரே சொல்தான். அமைச்சகம் "நமக்கு" என்று எழுதியது. தெருவில் போனவர் "எங்களுக்கு" என்று படித்தார். உங்கள் துணிவு, எங்களுக்கு வெற்றி. எரிச்சல் வராமல் என்ன செய்யும்? (இன்று கோப்பைகளிலும் பனியன்களிலும் காணப்படும் "பதறாமல் வேலையைப் பார்" சுவரொட்டி அதே வரிசையில் அச்சானதுதான். சுமார் 25 லட்சம் பிரதி அடித்து, அநேகமாக ஒட்டாமலேயே பழைய காகிதத்துக்குப் போனது.)

1941 அக்டோபரில் அதே அமைச்சகத்தின் உள்நாட்டு உளவறிப் பிரிவுத் தலைவர் ஸ்டீபன் டெய்லர் ஒரு குறிப்பு எழுதினார். மருத்துவர் அவர். மன உறுதி என்பதை ஒருவர் என்ன நினைக்கிறார், என்ன சொல்கிறார் என்பதைக் கொண்டு அளக்காதீர்கள், என்ன செய்கிறார் என்பதைப் பாருங்கள் என்றார். அதைத் தாங்கும் கால்களையும் பட்டியலிட்டார். உடலைச் சேர்ந்தவை: சோறு, குளிருக்குக் கதகதப்பு, வேலை, ஓய்வு, தூக்கம், தங்க ஒரு நிலையான இடம், குடும்பத்தாரின் பாதுகாப்பு. மனத்தைச் சேர்ந்தவை நான்கே: ஜெயிக்க முடியும் என்ற நம்பிக்கை, கஷ்டம் எல்லோருக்கும் சமம் என்ற நம்பிக்கை, தலைமை திறமையும் நேர்மையும் உள்ளது என்ற நம்பிக்கை, இந்தப் போர் தவிர்க்க முடியாதது, நியாயமானது என்ற நம்பிக்கை. எதிரி மீது வெறுப்பு இந்தப் பட்டியலில் இல்லை. போஸ்டரும் இல்லை. இந்த விஷயத்தில் படிப்பதற்கு ஒரே ஒரு பக்கம்தான் நேரம் உண்டு என்பவருக்கு இந்தப் பட்டியலைத்தான் காட்டுவேன்.

பந்திவஞ்சனை இல்லாமல் பரிமாறுவது

பட்டியலில் "கஷ்டம் சமம்" என்பதைத்தான் நிறையப் பேர் அலட்சியம் செய்கிறார்கள். கல்யாணப் பந்தியில் பாயசம் தீர்ந்துவிட்டது என்றால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். பக்கத்து இலைக்கு இரண்டு கரண்டி போய், நம் இலைக்குத் தீர்ந்துவிட்டது என்றால் அந்த வீட்டு வாசலை மறுபடி மிதிக்க மாட்டார்கள். பிரிட்டிஷ் ரேஷன் முறை முழுக்க இந்த ஒன்றைத் தவிர்க்கக் கட்டப்பட்டது. அது எப்படி இயங்கியது என்று கொஞ்சம் விரிவாகவே பார்க்கலாம்.

1939 செப்டம்பர் 29 இரவு நாடு முழுக்க ஒரு தலைக்கணக்கு எடுத்தார்கள். அதன்படி அடையாள அட்டை, அதைக் கொண்டு ரேஷன் புத்தகம். நம் ஊரில் ரேஷன் கார்டு குடும்பத்துக்கு ஒன்று. அங்கே ஆளுக்கொன்று, கைக்குழந்தைக்கும் சேர்த்து. காரணம் உண்டு. பிள்ளைகளைக் குண்டுவீச்சுக்குப் பயந்து கிராமத்துக்கு அனுப்புகிறார்கள், அப்பா பட்டாளத்துக்குப் போகிறார், அக்கா வேறு ஊர்த் தொழிற்சாலைக்குப் போகிறாள். குடும்பம் சிதறும்போது பங்கும் ஆளோடு போக வேண்டும். பெரியவர்களுக்கு மங்கிய பழுப்பு நிறப் புத்தகம், 5 முதல் 16 வயது வரை நீலம், கர்ப்பிணிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் 5 வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும் பச்சை. பச்சைப் புத்தகக்காரருக்குப் பாலிலும் முட்டையிலும் பழத்திலும் முன்னுரிமை.

புத்தகம் கைக்கு வந்ததும் நீங்கள் ஒரு மளிகைக்கடை, ஒரு கறிக்கடை, ஒரு பால்காரர் என்று தேர்ந்தெடுத்துப் பதிந்துகொள்ள வேண்டும். கடைக்காரர் அதற்கான அடிச்சீட்டைக் கிழித்து உள்ளூர் உணவு அலுவலகத்தில் ஒப்படைப்பார். அவரிடம் எத்தனை பேர் பதிந்திருக்கிறார்களோ அந்தக் கணக்குக்குச் சரக்கு. வாராவாரம் கூப்பனை வெட்டுவார் அல்லது குறுக்குக் கோடு போடுவார். 400 பேர் பதிந்த கடைக்கு 400 பேருக்கான சர்க்கரை வரும். ஆகவே நீங்கள் திங்களன்று போனாலும் வெள்ளியன்று போனாலும் உங்கள் பங்கு இருக்கும். கியூவில் முண்டியடிக்க வேண்டிய அவசியமே இல்லை என்பதுதான் இதன் சூட்சுமம்.

கறிக்கு மட்டும் எடைக்குப் பதில் விலைக்கணக்கு. 1940 மார்ச்சில் ஆளுக்கு வாரம் 1 ஷில்லிங் 10 பென்ஸ் மதிப்புக்குக் கறி என்று தொடங்கி, பிறகு 1 ஷில்லிங் 2 பென்ஸ் அளவுக்கு இறங்கியது. நல்ல துண்டு வேண்டுமா, கொஞ்சமாக வாங்கிக்கொள்ளலாம். மலிவான துண்டு போதுமா, நிறையக் கிடைக்கும். இந்தச் சின்ன சுதந்திரம் முணுமுணுப்பை வெகுவாகக் குறைத்தது.

பதிவு முறையில் ஒரு பலவீனம்: டின் மீன், டின் இறைச்சி, பீன்ஸ் மாதிரிச் சரக்கு எல்லோருக்கும் வாராவாரம் ஒரே அளவில் கொடுக்கும் அளவுக்கு வராது. அதற்காக 1941 டிசம்பர் 1-ஆம் தேதி புள்ளி முறையைக் கொண்டுவந்தார்கள். நான்கு வாரத்துக்கு ஆளுக்கு 16 புள்ளி. எந்தக் கடையிலும் எந்த டின்னுக்கும் செலவழிக்கலாம். ஒரு சரக்கு சட்டென்று தீர்ந்தால் அதன் புள்ளியை ஏற்றுவார்கள், தேங்கினால் இறக்குவார்கள். பணக்காரனுக்கும் ஏழைக்கும் அதே 16 புள்ளி கொண்ட ஒரு சந்தை என்று இதைச் சொல்லலாம்.

எதை ரேஷனில் வைக்கவில்லை என்பதும் அதே அளவு முக்கியம். ரொட்டி, உருளைக்கிழங்கு, காய்கறி மூன்றும் போர் முடியும்வரை ரேஷனுக்கு வெளியேதான் இருந்தன. ரொட்டி 1942 முதல் தவிடு கலந்த, சாம்பல் பூத்த ரொட்டியாகிவிட்டது, யாருக்கும் பிடிக்கவில்லை, ஆனால் வயிறு நிறைய வாங்கலாம். கடின உழைப்பாளிக்குக் கூடுதல் ரேஷன் தரலாமா என்ற கேள்வியையும் பெரும்பாலும் நாசூக்காகத் தாண்டினார்கள். கரி வெட்டுபவனுக்கு எழுத்தரைவிட அதிகச் சோறு தேவை, உண்மை. ஆனால் யார் கடின உழைப்பாளி என்று பட்டியல் போட்டால் பட்டியலில் இல்லாதவர் எல்லோரும் எதிரியாகிவிடுவார்கள். ஆகவே ஆலைகளில் கேன்டீன், ஊரில் "பிரிட்டிஷ் உணவகம்" என்ற பெயரில் மலிவுச் சாப்பாட்டுக் கூடங்கள்: 1943-இல் இவை மட்டும் சுமார் 2,000. அங்கே சாப்பிடக் கூப்பன் வேண்டாம்.

ஓட்டல்களிலும் கூப்பன் கேட்கவில்லை என்பதால் பணக்காரர்கள் அங்கே வயிறார உண்டார்கள். பேச்சு கிளம்பியது. 1942 ஜூனில் ஒரு வேளைச் சாப்பாட்டுக்கு 5 ஷில்லிங் உச்சவரம்பு போட்டார்கள். பெரிய ஓட்டல்கள் மேற்கட்டணம் என்று வசூலித்துச் சமாளித்தன, சிப்பியும் வேட்டைக்கறியும் கிடைத்துக்கொண்டுதான் இருந்தன. முழுச் சமத்துவம் ஒன்றும் வந்துவிடவில்லை. ஆனால் அரசு அந்தப் பக்கமும் கை வைத்தது என்று ஊர் பார்த்தது. போர் லாபத்தின் மீதான கூடுதல் வரியை 1940-இல் நூற்றுக்கு நூறு ஆக்கியதும் இதே கணக்கில்தான். பொருளாதார ரீதியில் அது அசட்டு வரி. செலவைச் சிக்கனம் செய்ய முதலாளிக்கு எந்தத் தூண்டுதலும் மிஞ்சாது. பின்களத்துக்கோ அது வாங்கிக் கொடுத்த நம்பிக்கை பெரிது.

உணவு அமைச்சர் வூல்டன் பிரபு அரசியல்வாதி அல்ல, பல்பொருள் அங்காடி நடத்தியவர். கடைக்காரப் புத்தியில் அவர் விடாமல் பிடித்துக்கொண்ட விதி ஒன்று: தவறாமல் கொடுக்க முடிகிற பண்டத்தை மட்டும் ரேஷனில் வை. புத்தகத்தில் எழுதிவிட்டு ஒரு வாரம் கை விரித்தால் புத்தகத்தின் மதிப்பே போய்விடும். அதனால்தான் வெங்காயம் கடைசிவரை ரேஷனில் ஏறவில்லை. பிரிட்டன் வெங்காயத்தைப் பிரான்சின் பிரிட்டனி கடற்கரையிலிருந்தும் கால்வாய்த் தீவுகளிலிருந்தும் வாங்கிப் பழகியது. 1940 கோடையில் இரண்டும் ஜெர்மனி வசம் போயின. அந்தக் குளிர்காலத்தில் ஒற்றை வெங்காயத்தைக் குலுக்கல் பரிசாக வைத்தார்கள். வெங்காய விலையால் ஆட்சி ஆட்டம் காணும் தேசத்தில் இருக்கும் நமக்கு இது விளங்கும்.

அறிவிப்பிலும் ஒரு நுணுக்கம். 1941 ஜூன் 1, ஞாயிற்றுக்கிழமை, கடைகள் மூடியிருந்த நாளில், வானொலியில் துணி ரேஷனை அறிவித்தார்கள்: ஆளுக்கு வருஷத்துக்கு 66 கூப்பன், ஆண்களின் முழு கோட்டு சூட்டுக்கே 26 போய்விடும். புதிய கூப்பன் புத்தகம் அச்சடித்தால் சேதி கசிந்து, கையில் காசுள்ளவர்கள் கடையைக் காலி செய்துவிடுவார்கள். அதனால் முதலில் உணவுப் புத்தகத்தில் மிச்சமிருந்த மார்கரின் கூப்பனையே துணிக்குச் செல்லும் என்றார்கள். பதுக்கலுக்கு ஒரு நாள்கூட அவகாசம் இல்லை.

ஜெர்மனியில் சறுக்கிய விதம்

1914–18 ஜெர்மனியிலும் ரொட்டி அட்டை இருந்தது. 1915 தொடக்கத்திலேயே பெர்லினில் வந்துவிட்டது. சிக்கல் எங்கே என்றால், அரசு விநியோகத்தைக் கையில் எடுக்காமல் விலையை மட்டும் பிடித்தது, அதையும் ஒவ்வொரு பண்டமாக. தானியத்துக்கு உச்சவிலை வைத்தார்கள். விவசாயி தானியத்தை விற்காமல் பன்றிக்குப் போட்டான், கறிக்கு உச்சவிலை இல்லையே. பன்றி நம் தானியத்தைத் தின்கிறது என்று 1915-இல் லட்சக்கணக்கான பன்றிகளை வெட்டித் தள்ளினார்கள். சில மாதம் கறி மலிவு, பிறகு கறியும் இல்லை, கொழுப்பும் இல்லை, வயலுக்குச் சாணமும் இல்லை. எல்லா உணவையும் பார்த்துக்கொள்ள ஒரு தனி அலுவலகம் 1916 மேயில்தான் வந்தது. அந்த ஆண்டு இலையுதிர்கால மழையில் உருளைக்கிழங்கும் அழுகியது. 1916–17 குளிர்காலத்தில் நகரவாசிகள் மாட்டுத்தீவனக் கிழங்கை ரொட்டியிலும் சூப்பிலும் காப்பிப் பொடியிலும் கலந்து தின்றார்கள். "டர்னிப் குளிர்காலம்" என்று இன்றும் அதற்குப் பெயர்.

அட்டையில் எழுதியது கடையில் இல்லை. ஆனால் கள்ளச்சந்தையில் எல்லாம் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் நகரத்து மக்கள் மூட்டையோடு ரயிலேறி கிராமங்களுக்குப் போய் கடிகாரத்தையும் துணியையும் கொடுத்து உருளைக்கிழங்கு வாங்கினார்கள். திரும்பும்போது ரயில் நிலையத்தில் போலீஸ் அதைப் பறித்தது. இதைவிட அரசின் மீது வெறுப்பு வளர்க்க வேறு வழி தேட வேண்டாம். நகரத்தான் கிராமத்தானையும், தொழிலாளி அதிகாரியையும், வடக்கத்தியான் தெற்கத்தியானையும் சந்தேகிக்கத் தொடங்கினான். 1918 ஜனவரியில் பெர்லினில் லட்சக்கணக்கான தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். அவர்கள் கேட்டவற்றில் ரொட்டியும் இருந்தது, சமாதானமும் இருந்தது.

குண்டு விழுந்த மறுநாள்

போருக்கு முன் பிரிட்டிஷ் அதிகாரிகள் போட்ட கணக்கு: 60 நாள் வான்தாக்குதலில் 6 லட்சம் பேர் சாவார்கள், மிஞ்சியவர்களில் பலருக்குப் பித்துப் பிடிக்கும். அதற்கேற்பச் சவப்பெட்டியும் மனநல மருத்துவமனைப் படுக்கையும் தயார். நடந்தது வேறு. 1940 செப்டம்பர் முதல் 1941 மே வரையான குண்டுவீச்சில் சுமார் 43,000 பேர் இறந்தார்கள். பித்துப் பிடித்தவர் மிகக் குறைவு. ஆனால் யாரும் திட்டமிடாத ஒரு கூட்டம் தெருவில் நின்றது: உயிரோடு, காயமின்றி, வீடின்றி.

முதல் வாரங்களில் அவர்களுக்கு நேர்ந்ததைப் பார்த்தால் ஆதரவு எங்கே கசியும் என்று புரியும். அவர்களுக்காகப் பள்ளிக்கூடங்களில் திறந்த இடைத்தங்கல் மையங்களில் கழிவறைக்கு வாளி, சாப்பாட்டுக்கு ரொட்டியும் டின் இறைச்சியும். சில மணி நேரத்தில் கிளம்பிவிடுவார்கள் என்ற அனுமானம். எரிந்துபோன ரேஷன் புத்தகத்துக்கு ஓர் அலுவலகம், அடையாள அட்டைக்கு இன்னொன்று, உடைக்கு வேறு, கைச்செலவுப் பணத்துக்கு வேறு, மாற்று வீட்டுக்கு ஊரின் மறுகோடி. காலில் செருப்பில்லாத ஒருத்தி குழந்தையைத் தூக்கிக்கொண்டு இத்தனை படியும் ஏற வேண்டும், பஸ்ஸும் ஓடவில்லை. லண்டன் கேனிங் டவுனில் ஒரு பள்ளியில் தங்கியிருந்தவர்கள் தங்களை அழைத்துப்போகும் பஸ்ஸுக்குக் காத்திருந்தார்கள், பஸ் வரவில்லை, 1940 செப்டம்பர் 10 அதிகாலை அங்கேயே குண்டு விழுந்தது. அரசுக் கணக்கு 77 பேர். அந்தப் பகுதி மக்கள் இன்றுவரை அந்த எண்ணை நம்புவதில்லை.

குண்டு போட்டவன் ஜெர்மானியன். கோபம் நகராட்சி மீது. குண்டுவீச்சு மக்களை அரசுக்கு எதிராகத் திருப்பாது, குண்டுக்குப் பிந்தைய நிர்வாகம் திருப்பிவிடும். அந்த வாரமே கிழக்கு லண்டன்காரர்கள் சில டஜன் பேர் பணக்காரர்கள் தங்கும் சவாய் ஓட்டலுக்குள் நுழைந்து, உங்கள் நிலவறைக் காப்பிடத்தில் எங்களுக்கும் இடம் கொடுங்கள் என்று உட்கார்ந்துகொண்டார்கள். சுரங்க ரயில் நிலையங்களைக் காப்பிடமாக்கக் கூடாது என்று அரசு பிடிவாதமாக இருந்தது; மக்கள் மலிவுச் சீட்டு ஒன்று வாங்கி உள்ளே போய் வெளியே வராமல் படுத்துவிட்டார்கள். அரசு பிடிவாதத்தை விட்டதோடு நிற்காமல் படுக்கை, கழிவறை, தேநீர் எல்லாம் ஏற்பாடு செய்தது. வீடிழந்தோர் பொறுப்பைத் தனி ஆணையர் ஒருவரிடம் கொடுத்து, எல்லா மேசைகளையும் ஒரே கூரையின் கீழ் கொண்டுவரத் தொடங்கினார்கள். ஒரே அறையில் புத்தகம், அட்டை, பணம், வீடு. புரட்சி ஒன்றும் இல்லை, தாலுகா ஆபீஸ் அலைச்சலைக் குறைத்ததுதான்.

செய்தி: எவ்வளவு சொல்வது?

இருட்டடிப்பு என்ற சொல் தமிழில் விளக்கணைப்பதற்கும் செய்தி மறைப்பதற்கும் சேர்த்தே வழங்குகிறது. இரண்டாவது இருட்டடிப்பில் தடுக்கி விழுவது சுலபம்.

ஹல் துறைமுக நகரத்தில் சுமார் 1,200 பேர் குண்டுவீச்சில் இறந்தார்கள். வானொலியோ ஒவ்வொரு முறையும் "வடகிழக்குக் கடற்கரையில் ஒரு நகரம்" என்றே சொன்னது. எதிரிக்கு இலக்குத் தெரியக் கூடாது என்பது நியாயமான காரணம்தான். ஆனால் லண்டன் பெயர் தினமும் ஒலிக்க, தங்கள் சாவுக்கு ஊர்ப்பெயர்கூட இல்லை என்று ஹல்காரர்களுக்கு வலித்தது. தணிக்கைக்கும் ஒரு விலை உண்டு. அதைக் கணக்கில் எழுதுவோர் குறைவு.

1940 ஜூலையில் தகவல் அமைச்சர் டஃப் கூப்பர் வதந்தி பரப்புவோருக்கு எதிராக ஓர் இயக்கம் தொடங்கினார். நம்பிக்கையிழந்து பேசிய சாதாரண ஆட்கள் மீது வழக்குப் பாய்ந்தது. சில வாரத்தில் எதிர்ப்பு தாங்காமல் கைவிட்டார்கள். மனிதர்கள் புலம்பித்தான் தாங்குகிறார்கள். புலம்பலைக் குற்றமாக்கினால் வதந்தி குறையாது, அது அரசின் காதுக்கு எட்டாமல் போகும்.

பி.பி.சி. உண்மை மட்டுமே சொன்னது என்றும் நம்ப வேண்டாம். 1940 ஜூன் 17-இல் லங்காஸ்ட்ரியா கப்பல் ஆயிரக்கணக்கானோரோடு மூழ்கியதைச் சர்ச்சில் மறைத்தார். அடுத்த மாதம் அமெரிக்கப் பத்திரிகை வழியே வெளிவந்தது. 1940 செப்டம்பர் 15-இல் 185 ஜெர்மன் விமானங்களை வீழ்த்தியதாக அறிவித்தார்கள், உண்மையில் 60 அளவில்தான். ஆனால் பெரிய தோல்விகளை, டன்கர்க், சிங்கப்பூர், டோப்ருக், மறைக்கவில்லை. கெட்ட செய்தி சொல்லும் வாய் நல்ல செய்தி சொல்லும்போதுதான் எடுபடும்.

நேர்மாறான உதாரணம் இரண்டு. ஜெர்மன் பத்திரிகைகள் 1918 செப்டம்பர் வரை வெற்றி நெருங்குகிறது என்றே எழுதின. அக்டோபர் தொடக்கத்தில் அரசு திடீரென்று போர்நிறுத்தம் கேட்டது. கட்சித் தலைவர்களுக்கே முந்தின நாள்தான் நிலைமை தெரியும். பேயறைந்தது போல ஆனார்கள். வியட்நாம் போரில் 1967 நவம்பரில் ஜெனரல் வெஸ்ட்மோர்லாண்ட் வாஷிங்டனுக்கு வந்து முடிவு கண்ணுக்குத் தெரிகிறது என்ற தொனியில் பேசினார். இரண்டே மாதத்தில் டெட் தாக்குதல்: கம்யூனிஸ்ட் படைகள் தென் வியட்நாம் நகரங்கள் மீது ஒரே நேரத்தில் பாய்ந்தன. ராணுவக் கணக்கில் தாக்கியவர்களுக்கே பலத்த அடி. ஆனால் அமெரிக்க வீடுகளில் கேட்ட கேள்வி வேறு: முடியப்போகிறது என்றீர்களே? துருப்பு அனுப்பியது தவறு என்றோர் காலப் கருத்துக்கணிப்பில் 1965 ஆகஸ்டில் 24 சதவீதம், 1968 ஆகஸ்டில் 53 சதவீதம். கல்லூரியில் படிப்பவனுக்குக் கட்டாயச் சேவையிலிருந்து ஒத்திவைப்பு என்ற சலுகை வேறு. பந்திவஞ்சனைக்கு அதைவிடத் தெளிவான உதாரணம் கிடைக்காது.

நாடி பார்ப்பது

பிரிட்டிஷ் அரசு 1940 மே முதல் ஊரின் மனநிலையைத் தினமும், செப்டம்பர் இறுதிக்குப் பின் வாராவாரம், 1944 இறுதிவரை எழுதி வாங்கியது. வட்டார அலுவலர்கள், தணிக்கையில் படிக்கும் கடிதங்கள், போலீஸ் அறிக்கை, கியூவில் நின்று பேச்சுக் கேட்கும் மாஸ் அப்சர்வேஷன் அமைப்பின் தன்னார்வலர்கள் எனப் பல வாய்க்கால். பெரும்பாலான பக்கங்களில் ஹிட்லர் வருவதில்லை. கியூ வருகிறது, கரி வருகிறது, குழந்தைக்குச் செருப்பு கிடைக்காதது வருகிறது. ரேஷனில் இல்லாத மீனுக்கும் பழத்துக்கும் நிற்கும் கியூவில், ஆலைக்குப் போகும் பெண்களால் நிற்க முடியவில்லை என்பது திரும்பத் திரும்ப வரும் புகார்.

தவறாகப் படித்த இடங்களும் உண்டு. பிளிமத், ஹல் நகரங்களில் ஆயிரக்கணக்கானோர் மாலையானால் வயல்வெளிக்கும் அக்கம்பக்கக் கிராமத்துக்கும் நடந்து போய்ப் படுத்தார்கள். ஓட்டம், கோழைத்தனம் என்று அதிகாரிகள் முகம் சுளித்தார்கள். காலையில் அவர்கள் வேலைக்குத் திரும்பினார்கள் என்பதைத் தாமதமாகத்தான் கவனித்தார்கள். டெய்லர் பட்டியலில் தூக்கமும் இருந்ததே!

சட்டத்தைக் காட்டி மிரட்டினால்? 1942 ஜனவரியில் கென்ட் மாவட்ட பெட்டிஷாங்கர் சுரங்கத் தொழிலாளர்கள் கூலித் தகராறில் சட்டவிரோதமாக வேலைநிறுத்தம் செய்தார்கள். 1,050 பேருக்கு அபராதம், சங்கத் தலைவர்கள் மூவருக்குச் சிறை. சுரங்கம் நின்றது நின்றபடிதான். சமரச ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டிய தலைவர்களோ சிறையில். அமைச்சர் அங்கேயே போய்ப் பேசி முடித்தார். 11 நாளில் மூவரும் வெளியே. அபராதம் கட்டியவர்கள் மொத்தம் ஒன்பது பேர்.

எதற்காக இத்தனையும்?

எதிரியை ஒழிப்பது என்ற பதில் இரண்டு ஆண்டு ஓடும். பிறகு, ஒழித்தபின் எனக்கு என்ன என்ற கேள்வி வரும். 1942 டிசம்பரில் வந்த பெவரிட்ஜ் அறிக்கை, காப்பீட்டு விதிகளும் அட்டவணைகளும் நிறைந்த அரசு ஆவணம். அதை வாங்கக் கியூ நின்றது. 6 லட்சம் பிரதிக்கு மேல் விற்றது. வேலையிழப்பு, நோய், முதுமை எதிலும் யாரும் தெருவுக்கு வர வேண்டாம் என்ற வாக்குறுதி அதில் இருந்தது. படைவீரர்களுக்காக அச்சிட்ட அதன் சுருக்கத்தைப் போர் அலுவலகம் பயந்துபோய்த் திரும்பப் பெற்றது. சிப்பாய்கள் கவனித்துக்கொண்டார்கள். 1945 ஜூலைத் தேர்தலில் சர்ச்சில் தோற்றார். போருக்கு ஆதரவும் ஆள்பவருக்கு ஆதரவும் ஒன்றல்ல.

"நாம்" என்பதில் யார் யார்?

இதுவரை சொன்னது லண்டன், ஹல் கதை. அதே பேரரசின் கிழக்குக் கோடியில் "எங்களுக்கு" என்ற சொல் வெளிப்படையாகவே கேட்டது. 1941 டிசம்பர் 11-இல் பினாங்கின் ஜார்ஜ் டவுனை ஜப்பான் குண்டுவீசித் தாக்கியது. சில நாளில் ஐரோப்பியர்களை மட்டும் ஓசையின்றிக் கப்பலேற்றிவிட்டார்கள். தமிழர், மலாயர், சீனர் விடிந்தபோது தனியே நின்றார்கள். கார்ன்வாலிஸ் கோட்டையில் பறந்த பிரிட்டிஷ் கொடியை இறக்கியவர் ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ பத்திரிகையின் ஆசிரியரான இலங்கைத் தமிழர் மாணிக்கசோதி சரவணமுத்து. அப்போது சிங்கப்பூரில் அமைச்சராக இருந்தவர், வதந்தி ஒழிப்பு நடத்திய அதே டஃப் கூப்பர். பினாங்கு மக்களில் பெரும்பாலோர் பத்திரமாக வெளியேறிவிட்டார்கள் என்ற பொருள்பட அவர் வானொலியில் பேசினார். கேட்டவர்களுக்கு மக்கள் என்றால் யார் என்று புரிந்துபோயிற்று.

நான்கு மாதத்தில் சென்னை முறை. 1942 ஏப்ரல் 5-இல் கொழும்பிலும் மறுநாள் விசாகப்பட்டினத்திலும் குண்டு விழுந்ததும், அவசியமில்லாதவர்கள் நகரை விட்டுப் போகலாம் என்று அரசே சொன்னது. அலுவலகங்களைக் கடற்கரையிலிருந்து தள்ளியிருந்த ஊர்களுக்கு மாற்றியது. விலங்குக் காட்சிசாலையின் சிங்கம் புலிகளைச் சுட்டுக் கொன்றது. எழும்பூரிலும் சென்ட்ரலிலும் கூட்டம் தாங்கவில்லை. அரசாங்கமே மூட்டை கட்டும்போது பயப்படாதே என்ற அறிவிப்பை யார் படிப்பார்? 1943-இல் வங்காளத்தில் சுமார் 30 லட்சம் பேர் பஞ்சத்தில் மடிந்தார்கள். அந்த ஆண்டின் தொடக்கத்தில்தான் இந்தியப் பெருங்கடல் சரக்குக் கப்பல்களில் பெரும்பகுதியைப் பிரிட்டன் தன் பக்கம் திருப்பிக்கொண்டது. மேலே சொன்ன 57 கிராம் தேயிலையில் பெரும்பங்கும் அசாமிலும், தமிழர் கொழுந்து பறித்த இலங்கை மலைத் தோட்டங்களிலும் விளைந்தது. லண்டன் மேசையில் பந்திவஞ்சனை இல்லை; பந்தியே போடாத இடங்கள் இருந்தன.

லண்டனிலும் அந்தப் பொறுமை எதில் தொங்கிக்கொண்டிருந்தது என்பது போர் முடிந்தபிறகு தெரிந்தது. உலக தானியப் பற்றாக்குறையால் 1946 ஜூலை 21-இல் பிரிட்டன் ரொட்டியை ரேஷனில் வைத்தது. சாதாரண வயதுவந்தவருக்கு வாரம் 9 அலகு, பெரிய ரொட்டி ஒன்றுக்கு 4. ஆறு ஆண்டுப் போரில் ஒரு நாளும் இல்லாத ரொட்டி ரேஷன் அமைதிக் காலத்தில் வந்தது. அளவு ஒன்றும் மோசமில்லை.  ஆனால் இல்லத்தரசிகள் சங்கம் திரண்டு மனுக் கொடுத்தது, ரொட்டிக்கடைக்காரர்கள் மறுப்போம் என்றார்கள், பத்திரிகைகள் கொதித்தன. புத்தகம் அதே புத்தகம்தான். எதற்காக என்று கேட்டால் சொல்ல அமைச்சரிடம் தானியக் கணக்கு மட்டுமே இருந்தது.